பொம்மைப் பட்டறையை மூடாதீர்கள்: ஒரு கல்லூரி ஆட்சிக்குழுவுக்குத் திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஆட்சிக்குழு உறுப்பினர்களுக்கும் அனிமேஷன் துறைத் தலைவருக்கும்,

நீங்கள் அனுப்பிய சுற்றறிக்கையைப் படித்தேன். வரும் கல்வியாண்டு முதல் ஸ்டாப்-மோஷன் பாடம், அதாவது பொம்மையைச் சிறிது சிறிதாக நகர்த்தி ஒவ்வொரு படமாக எடுத்து அசையவைக்கும் கலை, கிடையாது. தரைத்தளத்தின் பின்பக்கம் இருக்கும் பொம்மைப் பட்டறையைக் காலி செய்து, நடிப்பவரின் உடலசைவைக் கணினியில் பதியும் மோஷன் கேப்சர் கூடமாக மாற்றப்போகிறீர்கள். அங்கே கிடக்கும் 'பயன்பாட்டில் இல்லாத பொருட்களை' மாதக் கடைசிக்குள் அப்புறப்படுத்தச் சொல்லியிருக்கிறீர்கள். இத்தனைக்கும் காரணமாக ஒரே ஒரு வரி: இந்தப் பாடத்துக்கு வேலைவாய்ப்பு இல்லை.

அந்தப் பட்டறையில் படித்தவள் நான். அதே மேசையில் பாடம் நடத்த வருடாவருடம் வந்துபோகிறவளும்தான். மற்ற நேரமெல்லாம் பொம்மை செய்து, அதை ஃப்ரேம் ஃப்ரேமாக நகர்த்திப் படமெடுத்துப் பிழைக்கிறேன். என் வீட்டு வாடகையும் அம்மாவின் மருந்துச் செலவும் இந்தக் காசில்தான் நடக்கின்றன. அதனால் அந்த ஒரு வரியைப் படித்துவிட்டுப் பேசாமல் இருக்க முடியவில்லை. கல்லூரியின் பெயரை இங்கே எழுதவில்லை. என் வழக்கு இந்த முடிவோடுதான், என்னை வளர்த்த இடத்தோடு இல்லை.

முதலில் அந்த வேலைவாய்ப்புக் கணக்கைப் பார்ப்போம். கல்லூரி வளாகத்துக்கு ஒரு நிறுவனம் வருகிறது, தேர்வு வைக்கிறது, கடிதம் கொடுக்கிறது. கடிதம் வாங்கியவர் பெயர் பட்டியலில் ஏறுகிறது. நீங்கள் எண்ணுவது இதை மட்டும்தான். பொம்மை செய்கிறவர்களுக்கு யாரும் அப்படிக் கடிதம் கொடுப்பதில்லை. ஒரு விளம்பரப் படத்துக்கு இரண்டு மாதம் கூப்பிடுவார்கள். அது முடிந்ததும் ஒரு அருங்காட்சியகத்துக்குச் சின்ன அளவில் கிராமக் காட்சி செய்யக் கேட்பார்கள். பிறகு சினிமாக்காரர்கள் வெட்டுப்பட்ட கை ஒன்று வேண்டும் என்பார்கள். அதே சிலிக்கான் ரப்பர், அதே மோல்டு (அச்சு), அதே கைதான். குழந்தைகளுக்கான யூடியூப் தொடர், கிளே (களிமண்) உருவத்தை ஸ்கேன் செய்து பயன்படுத்தும் கேம் நிறுவனம், பொம்மலாட்டம் வைத்துப் பாடம் நடத்தும் பள்ளி என்று வேலை பல வாசல்களில் வருகிறது. ஒரு வாசலிலும் நிரந்தரப் பலகை கிடையாது. வேலை வறண்டுபோகும் மாதங்களும் உண்டு. கேமராமேன், எடிட்டர், ஆர்ட் டைரக்டர் எல்லோருக்கும் அப்படித்தானே? அவர்களையும் வேலையில்லாதவர்கள் என்றா எழுதுகிறோம்? உங்கள் பட்டியலில் என் பெயரும் இல்லை, என்னோடு படித்து இன்றும் இதே தொழிலில் இருப்பவர்கள் பெயரும் இல்லை. பட்டம் வாங்கிய பிறகு எங்களிடம் 'என்ன செய்கிறீர்கள்' என்று கல்லூரி கேட்டதே இல்லை.

இந்த நாட்டில் இந்தக் கலைக்கு வேரில்லை என்றும் யாராவது சொல்லக்கூடும். தாதாசாகேப் பால்கே 1910களிலேயே தீக்குச்சிகளை நகர்த்திப் படமெடுத்திருக்கிறார். அகமதாபாத்தின் தேசிய வடிவமைப்பு நிறுவனத்தில் (என்.ஐ.டி.) படித்த இஷூ படேல், கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்துக்காக மணிகளை ஒவ்வொன்றாக நகர்த்திச் செய்த 'பீட் கேம்' 1977இல் வந்து ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. அமரான் பேட்டரியின் கிளே விளம்பரங்களைத் தொலைக்காட்சியில் பார்த்துச் சிரித்த தலைமுறை நாங்கள். அவற்றைச் செய்த சுரேஷ் எரியட் 2017இல் 'டோக்ரி' என்ற குறும்படத்தை முழுக்க ஸ்டாப்-மோஷனில் எடுத்தார். 2007இல் வந்த 'தாரே ஜமீன் பர்' படத்தின் தொடக்கக் கிளே காட்சி தீமந்த் வியாஸ் செய்தது. அந்தப் படத்தை நம் மாணவர்களில் பார்க்காதவர் யாராவது இருப்பார்களா? இவர்கள் எல்லோரும் ஏதோ ஒரு அறையில், ஏதோ ஒரு மேசையில் கற்றுக்கொண்டுதான் வந்தார்கள்.

வெளியே இன்னும் பெரிய சந்தை இருக்கிறது. 2023 மார்ச்சில் சிறந்த அனிமேஷன் படத்துக்கான ஆஸ்கரை வாங்கிய கியெர்மோ டெல் டோரோவின் 'பினோக்கியோ' ஸ்டாப்-மோஷன் படம். அதன் முக்கியமான பொம்மைகள் இங்கிலாந்தில் மான்செஸ்டர் பக்கத்தில் மெக்கின்னன் அண்ட் சாண்டர்ஸ் பட்டறையில் உருவானவை. பொம்மை செய்வதையே தொழிலாகக் கொண்ட நிறுவனம் அது. 2005இல் வந்த 'கார்ப்ஸ் பிரைட்' பொம்மைகளின் தலைக்குள் கடிகார வேலை போலச் சிறு பல்சக்கரங்களை வைத்ததும் அவர்கள்தான். காதுக்குள்ளோ தலைமுடிக்குள்ளோ மறைந்திருக்கும் துளையில் ஆலன் கீ என்ற சிறு அறுகோணத் திருகியை விட்டுத் திருகினால் உதடு அசையும். அமெரிக்காவின் ஸ்டாப்-மோஷன் பட நிறுவனமான லைகா 2009இல் 'கோரலைன்' படத்திலிருந்து முகங்களை 3டி பிரிண்டரில் அச்சிட்டு மாற்றி மாற்றி மாட்டுகிறது. அந்த முறைக்கு ஆஸ்கர் அகாடமி 2016இல் அறிவியல் தொழில்நுட்ப விருதும் கொடுத்தது. புதிய தொழில்நுட்பம் வந்ததும் பொம்மை மேசையை ஒழித்துவிட வேண்டும் என்று அவர்கள் நினைக்கவில்லை. பிரிண்டரை அந்த மேசைக்குப் பக்கத்தில் கொண்டுவந்து வைத்தார்கள்.

பட்டறைக்குள் என்ன நடக்கிறது என்பதை உங்களில் சிலர் நேரில் பார்த்திருக்க வாய்ப்பில்லை. பட்டமளிப்பு விழாவில் கண்ணாடிப் பெட்டிக்குள் நிற்கும் பொம்மையை மட்டும் பார்த்திருப்பீர்கள். அதனால் கொஞ்சம் விவரமாகச் சொல்கிறேன்.

ஒரு பொம்மை என்பது முதலில் ஒரு எலும்புக்கூடு. ஆர்மேச்சர் என்கிறோம். முதலாண்டு மாணவர்கள் அலுமினியக் கம்பி இரண்டு மூன்று இழைகளை முறுக்கிச் செய்வார்கள். முழங்கை, முழங்கால் தவிர்த்த இடங்களில் எம்-சீல் பூசி எலும்பாக இறுக்குவார்கள். அது கொஞ்ச நாள் தாங்கும். ஒரே இடத்தில் மடக்கி மடக்கி நீட்டினால் கம்பி களைத்துப்போய்ச் சரியாக மணிக்கட்டில் முறியும், அதுவும் ஷாட்டின் நடுவில். அடுத்த கட்டம் குண்டு மூட்டு. இரண்டு தகடுகளுக்கு நடுவில் எஃகுக் குண்டு உட்கார்ந்து, திருகாணியின் இறுக்கத்தில் நிற்கும். விரல் தள்ளினால் அசைய வேண்டும், விரலை எடுத்தால் அப்படியே நிற்க வேண்டும். வெளிநாட்டிலிருந்து இதை வாங்க ஒரு மாணவரின் குடும்பத்தால் முடியாது. அதனால் நாங்கள் பழைய பேரிங் குண்டுகளை வாங்குகிறோம். அவற்றில் துளை போட்டால் டிரில் பிட்தான் உடையும். அவ்வளவு கடினம். செக்கச் செவேலென்று சூடாக்கி, சாம்பலில் புதைத்து மெதுவாக ஆறவிட்டால் எஃகு இளகிக்கொடுக்கும். பிறகு துளை போடலாம். இதை எனக்குச் சொல்லித்தந்தது பாடப்புத்தகம் இல்லை. அம்பத்தூரில் லேத் பட்டறை வைத்திருக்கும் ஒரு அண்ணன். அவரை நம் பட்டறைக்கு அழைத்துவந்து மாணவர்கள் எதிரே செய்துகாட்ட வைத்தேன்.

எலும்புக்கு மேலே தசை. சிலிக்கான் ஊற்ற மோல்டு வேண்டும். மோல்டு எடுக்க முதலில் களிமண்ணில் உருவம் பிடிக்க வேண்டும். கந்தகம் கலந்த மாடலிங் கிளேயில் உருவம் பிடித்து, அதன்மேல் பிளாட்டினம் வகை சிலிக்கானை ஊற்றினால் அது இறுகவே இறுகாது. தொட்ட இடமெல்லாம் பிசுபிசுக்கும், ஒரு வார உழைப்பு குப்பைக்குப் போகும். சென்னை ஈரப்பதத்தில் லேட்டெக்ஸ் (ரப்பர் பால்) காய எத்தனை நேரம் எடுக்கும், மே மாத வெயிலில் விளக்குச் சூடும் சேர்ந்தால் பிளாஸ்டிசின் களிமண் மூக்கு எப்படித் தொங்கும், மின்னழுத்தம் ஏறி இறங்கினால் படத்தில் வெளிச்சம் எப்படித் துடிக்கும் என்பதெல்லாம் கைபட்டால்தான் தெரியும். வெளிநாட்டுக்காரர்கள் போடும் வீடியோக்களில் நம் ஊர் வெயிலும் இல்லை, நம் ஊர் கரண்டும் இல்லை.

இவ்வளவும் ஆன பிறகுதான் நடிப்பு. வினாடிக்கு 24 ஃப்ரேம். ஒரு நிலையை இரண்டு ஃப்ரேம் பிடித்தால் 12 அசைவு. 30 வினாடி விளம்பரத்துக்கு 360 முறை பொம்மையைத் தொட வேண்டும். பாதத்தில் திருகாணி ஏற்றி மேடைப் பலகையில் துளையிட்டுக் கீழிருந்து முடுக்கினால்தான் பொம்மை ஒற்றைக் காலில் நிற்கும். ஒவ்வொரு அடிக்கும் ஒரு துளை. அடுத்த அடி எடுத்துவைத்ததும் பழைய துளையை மெழுகால் அடைக்க வேண்டும்.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மாணவி, தண்ணீர்க் குடத்தைத் தூக்கி இடுப்பில் வைக்கும் பாட்டியை அனிமேட் செய்தாள். பொம்மை அழகு. சேலை மடிப்பு வரை பார்த்துப் பார்த்துச் செய்திருந்தாள். ஆனால் ஓட்டிப் பார்த்தால் குடம் காலியாக இருந்தது. அட்டைப்பெட்டியைத் தூக்குவது போலப் பாட்டி அதை நேராகத் தூக்கிவிட்டாள். நான் விளக்கம் சொல்லவில்லை. கேன்டீனுக்குப் போய் ஒரு தண்ணி கேனைத் தூக்கிப் பார்த்துவிட்டு வா என்றேன். மூச்சு வாங்கத் திரும்பி வந்தாள். "மேடம், கை தூக்கறதுக்கு முன்னாடி இடுப்பு கீழ போகுது. குதிகால் தரையில அழுந்துது. தூக்கின அப்புறம் உடம்பு அந்தப் பக்கமா சாயுது" என்றாள். திரும்பவும் எடுத்தாள். இந்தத் தடவை பாட்டி முதலில் குனிந்து, ஒரு கணம் நின்று, குதிகாலை ஊன்றி, அப்புறம்தான் குடத்தை அசைத்தாள். பார்த்தவர்கள் எல்லோருக்கும் அதில் தண்ணீர் தெரிந்தது. அந்த மாணவி இன்று 3டி நிறுவனம் ஒன்றில் கதாபாத்திர அனிமேட்டர். உங்கள் வேலைவாய்ப்புப் பட்டியலில் அவள் பெயர் இருக்கிறது. 3டி பாடத்தின் வெற்றியாக அதை எழுதிவைத்திருக்கிறீர்கள். எடையைப் பற்றி அவள் கற்றது எங்கே என்று அவளையே கேட்டுப் பாருங்கள்.

இது என் ஊகம் மட்டும் இல்லை. 'ஜுராசிக் பார்க்' படம் 1993இல் வந்தது. அதில் டைனோசர்களை முதலில் பொம்மைகளாகச் செய்து அசைக்கத்தான் பொம்மை அனிமேட்டர் ஃபில் டிப்பெட்டை அமர்த்தினார்கள். நடுவில் கணினியில் உருவாக்கிய டைனோசரின் சோதனைக் காட்சி வந்தது. அதைப் பார்த்ததும் தன் தொழில் அழிந்துபோனதாக அவர் சொன்னது பிரபலம். அவரை வீட்டுக்கு அனுப்பினார்களா? இல்லை. டைனோசர்களின் அசைவை மேற்பார்வையிடும் பொறுப்பை அவரிடமே கொடுத்தார்கள். அவருடைய ஸ்டூடியோவில் மூட்டுக்கு மூட்டு உணர்கருவி பொருத்திய டைனோசர் ஆர்மேச்சர் ஒன்றைச் செய்தார்கள். பொம்மை அனிமேட்டர் அதைக் கையால் நகர்த்துவார், அந்த அசைவு கணினிக்குள் போகும். கணினி முன் உட்கார்ந்திருந்தவர்களுக்கு ஒரு விலங்கு எப்படி எடை மாற்றி நடக்கும் என்பதை, பொம்மையோடு வாழ்நாளைக் கழித்தவர்கள்தான் காட்ட வேண்டியிருந்தது. அந்தப் படத்தின் காட்சி விளைவுகளுக்கான ஆஸ்கரை வாங்கிய நால்வரில் டிப்பெட்டும் ஒருவர். கணினி வந்து பொம்மையை ஒழித்தது என்று எல்லோரும் எடுத்துக்காட்டும் படத்திலேயே நடந்தது இதுதான். பட்டறையை இடித்து மோஷன் கேப்சர் கூடம் கட்டும் முன் இதை நீங்கள் யோசிக்க வேண்டும்.

இன்னொருவரைப் பற்றியும் சொல்ல வேண்டும். கிஹாச்சிரோ கவமோட்டோ. ஜப்பானில் பொம்மை செய்துகொண்டிருந்தவர். செக் நாட்டுப் பொம்மைப் பட மேதை யிர்ஷி டிரன்காவிடம் கற்க 1963இல் பிராக் நகரம் போனார். டிரன்காவின் பொம்மைகளுக்கு முகபாவம் மாறாது. தலையை எந்தக் கோணத்தில் சாய்க்கிறோம், வெளிச்சம் எங்கே விழுகிறது என்பதிலேயே சிரிப்பும் அழுகையும் வரும். அந்த மனிதர் கவமோட்டோவிடம் சொன்னது, உன் சொந்த நாட்டு மரபுக்குள் போய்த் தேடு என்பதுதான். கவமோட்டோ திரும்பிப் போய், நோ நாடகத்திலும் புன்ராகு பொம்மலாட்டத்திலும் மூழ்கி, 1976இல் 'டோஜோஜி' போன்ற படங்களை எடுத்தார்.

நாமும் பொம்மலாட்டம் இருக்கும் மண்ணில்தான் கல்லூரி நடத்துகிறோம். கல்யாண முருங்கை மரத்தில் செதுக்கிய பொம்மை. ஆட்டுகிறவர் தலையில் அணியும் வளையத்திலிருந்து கயிறுகள் இறங்கும், கைகளைக் கம்பி இயக்கும். அவர் தலையைச் சாய்த்தால் பொம்மையும் சாயும். உடம்பும் பொம்மையும் ஒன்றாக அசையும் இந்த வித்தையை, மோஷன் கேப்சர் உடையைப் போட்டுக்கொண்டு ஆடப்போகும் உங்கள் மாணவர்கள் ஒரு தடவையாவது பார்க்க வேண்டாமா? பொம்மலாட்டக் கலைஞர்களை வருகைதரு ஆசிரியர்களாக அழைக்க வேண்டும் என்று நான் எழுதிக்கொடுத்த விண்ணப்பத்துக்கு இன்றுவரை பதில் இல்லை.

பட்டறையின் உதவியாளரைப் பற்றிச் சுற்றறிக்கையில் ஒரு வார்த்தையும் இல்லை. ஒப்பந்தம் புதுப்பிக்கப்படாது என்று அவரிடம் வாய்மொழியாகச் சொல்லியிருக்கிறார்கள். மதுரைப் பக்கம் விளாச்சேரியில் பொம்மை செய்யும் குடும்பத்தில் பிறந்தவர் அவர். கொலுப் பொம்மைக்குப் பிளாஸ்டர் அச்சு எடுத்துப் பழகிய கை. எந்த உருவத்தைக் கொடுத்தாலும் ஒரு பார்வை பார்த்துவிட்டு, மோல்டின் இரண்டு பாதிகளும் பிரியும் பிரிகோடு எங்கே வர வேண்டும் என்று பென்சிலால் கோடு போட்டுவிடுவார். அந்தக் கோடு தப்பினால் மோல்டிலிருந்து பொம்மை வெளியே வராது, காது பிய்ந்து வரும். பட்டம் இல்லை என்பதால் உங்கள் ஆவணங்களில் அவர் 'உதவியாளர்'. எங்களுக்கெல்லாம் அவர்தான் ஆசான். நான் தனியாகத் தொழில் தொடங்கிய புதிதில் மோல்டு சிக்கினால் அவருக்குத்தான் போன் போடுவேன். எத்தனை மணிக்கு அடித்தாலும் எடுத்துப் பேசுவார். ஒரு நோட்டீஸ்கூட இல்லாமல் அவரை வெளியே அனுப்புவது எந்த விதத்திலும் நியாயம் இல்லை.

'அப்புறப்படுத்தப்பட வேண்டிய பொருட்கள்' பற்றியும் பேச வேண்டும். அந்த அலமாரிகளில் இருப்பவை பல ஆண்டு மாணவர்களின் பொம்மைகள், செட்டுகள், பேச்சுக்கேற்ப மாற்றி மாட்டும் வாய்கள் அடுக்கிய தீப்பெட்டிகள். ஃபோம் லேட்டெக்ஸ் தானாகவே உதிரும். காப்பாற்றினால்கூட நிலைப்பது கடினம், எறிந்தால் திரும்பி வராது. 2005 அக்டோபரில் இங்கிலாந்தின் பிரிஸ்டலில், ஸ்டாப்-மோஷன் படங்கள் எடுக்கும் ஆர்ட்மேன் நிறுவனத்தின் கிடங்கு எரிந்தபோது எத்தனையோ படங்களின் பொம்மைகளும் செட்டுகளும் சாம்பலாயின. அங்கே விபத்து. இங்கே காயலான்கடைக்குப் போட நாமே தேதி குறித்திருக்கிறோம். மறுபக்கம், பொம்மை அனிமேட்டர் ரே ஹாரிஹாசன் 1986இல் தன் பொம்மைகளுக்காகவே ஓர் அறக்கட்டளை தொடங்கினார். 1963இல் வந்த 'ஜேசன் அண்ட் தி ஆர்கோநாட்ஸ்' படத்தில் ஏழு எலும்புக்கூடுகள் சண்டை போடும் சில நிமிடக் காட்சிக்கு நாலரை மாதம் உழைத்தவர் அவர். அந்த எலும்புக்கூடுகளை இன்றும் மாணவர்கள் பார்த்துப் படிக்கிறார்கள்.

உங்கள் தரப்பையும் யோசித்தேன். இடம் போதவில்லை, பட்ஜெட் இறுக்கம், ஏஐ வந்துவிட்டது, பெற்றோர் கேட்கிறார்கள். எல்லாம் உண்மைதான். மோஷன் கேப்சர் கூடம் வேண்டாம் என்று நான் சொல்லவே இல்லை. மாணவர்களுக்கு அது அவசியம். ஆனால் முதல் மாடிக் கருத்தரங்கக் கூடம் பெரும்பாலான நாட்கள் பூட்டியே கிடக்கிறது. பட்டறையின் ஆண்டுச் செலவில் பெரும்பகுதி பிளாஸ்டர், கம்பி, சிலிக்கான். ஒரு மென்பொருள் உரிமத்தைப் புதுப்பிக்கும் செலவோடு அதை ஒப்பிட்டுப் பார்த்தீர்களா?

1925இல் வந்த 'தி லாஸ்ட் வேர்ல்டு' படத்துக்கும் 1933இல் வந்த 'கிங்காங்' படத்துக்கும் பொம்மை செய்தவர் மார்செல் டெல்காடோ. மளிகைக் கடையில் வேலை பார்த்துக்கொண்டே ஓவியம் படித்தவர். அந்தப் படங்களின் பொம்மை அனிமேட்டர் வில்லிஸ் ஓ'பிரையன் அவரை வேலைக்குக் கூப்பிட்டபோது முதலில் மறுத்துவிட்டார். ஓ'பிரையன் அவரை ஸ்டூடியோவுக்கு வரவழைத்து, அவருக்கென்று ஒதுக்கிவைத்த வேலை அறையைக் காட்டினார். அதைப் பார்த்த பிறகுதான் டெல்காடோ சேர்ந்தார். நம் கல்லூரிக்கு வருகிற பிள்ளைகளில் பலர் பொம்மை செய்வது ஒரு தொழில் என்பதையே அந்தப் பட்டறையைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்கிறார்கள். நானும் அப்படித் தெரிந்துகொண்டவள்தான். அறை இல்லாவிட்டால் அடுத்து வருகிறவருக்கு இதைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்ற எண்ணமே வராது. அப்புறம் "யாரும் இந்தப் பாடத்தை எடுப்பதில்லை" என்று எழுதுவது சுலபம்.

நான் கேட்பவற்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன்.

பட்டறையில் உள்ள எந்தப் பொருளையும் மாதக் கடைசியில் வெளியேற்ற வேண்டாம். இது உடனடியாக நடக்க வேண்டியது. அடுத்த ஆட்சிக்குழுக் கூட்டம் வரை அலமாரிகள் பூட்டியபடி இருக்கட்டும். முன்னாள் மாணவர்கள் சேர்ந்து ஒவ்வொரு பொம்மையையும் படமெடுத்துப் பட்டியல் போட்டுத் தருகிறோம், கல்லூரிக்கு ஒரு ரூபாய் செலவில்லாமல். யாருடைய பொம்மையோ அவரிடம் கேட்காமல் எதையும் கழிக்கக்கூடாது.

பாடத்தை நிறுத்தும் முடிவைத் திரும்பப் பெறுங்கள். முழு விருப்பப் பாடமாக வைக்க முடியாவிட்டால், முதலாண்டில் எல்லா அனிமேஷன் மாணவர்களுக்கும் ஒரு பருவம் கட்டாயமாக்குங்கள். 3டி படிக்கப்போகிறவர்களுக்கும் சேர்த்துத்தான் கேட்கிறேன். மோஷன் கேப்சர் கூடத்தை மேல்மாடிக்குக் கொண்டுபோக முடியுமா என்று பொறியாளரை வைத்துப் பார்த்துவிட்டு, முடியாது என்றால் காரணத்தை எழுத்தில் கொடுங்கள்.

உதவியாளரின் ஒப்பந்தத்தைப் புதுப்பியுங்கள். பதவிப் பெயரையும் பயிற்றுநர் என்று மாற்றி, அதற்குரிய சம்பளத்தைக் கொடுங்கள்.

பொம்மலாட்டக் கலைஞர்களை அழைக்கும் விண்ணப்பத்துக்கு ஆம் அல்லது இல்லை என்று பதில் சொல்லுங்கள்.

வேலைவாய்ப்புப் புள்ளிவிவரத்தில் சுயதொழில் செய்பவர்களையும் திட்ட அடிப்படையில் வேலை செய்பவர்களையும் சேருங்கள். ஸ்டாப்-மோஷன் படித்த முன்னாள் மாணவர்கள் இப்போது என்ன செய்கிறார்கள் என்று விசாரித்து, அந்தக் கணக்கை வெளியிட்ட பிறகு "வேலை இல்லை" என்ற வரியைப் பற்றிப் பேசலாம். தொடர்பு எண்களைத் திரட்டித் தர நான் தயார்.

கடைசியாக, ஆட்சிக்குழு உறுப்பினர்கள் முடிவெடுக்கும் முன் ஒரு நாள் பட்டறைக்கு வாருங்கள். இந்தப் பருவத்து மாணவர்களின் ஷாட்டுகள் நடந்துகொண்டிருக்கின்றன. அவர்களோடு உட்கார்ந்து ஒரு வினாடிப் படம் எடுத்துப் பாருங்கள். அடுத்த கூட்டத்தில் எனக்கும் மாணவர் பிரதிநிதி ஒருவருக்கும் பேச நேரம் ஒதுக்குங்கள். பதிலை எழுத்து மூலமாக, மாதக் கடைசிக்கு முன் எதிர்பார்க்கிறேன்.

இப்படிக்கு,
உங்கள் முன்னாள் மாணவி, வருகைதரு ஆசிரியர், பொம்மைக் கலைஞர்
சென்னை